47ஆம் பக்கத்துப் பெருவிரல்

வெள்ளவத்தை
ஞாயிறு காலை

மச்சான்,

நாலு மாதமாக உனக்கு எழுதவில்லை. காரணம் சொன்னால் நம்ப மாட்டாய், விடு. அம்மா சுகம், முழங்கால் நோ மட்டும் அப்படியே. தாடி தெஹிவளைக்கு வீடு மாறிவிட்டான். வாடகையைக் கேட்டால் தலை சுற்றும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். என் சிறுகதைத் தொகுப்புக்குக் கள்ளக் கொப்பி வந்துவிட்டது. போன செவ்வாய் மச்சாள் வட்ஸ்அப்பில் ஒரு பிடிஎஃப் அனுப்பினாள்: "அத்தான், நல்ல புத்தகமாம், வாசித்துப் பாருங்கோ." எழுதியது யார் என்று அட்டையைக்கூடப் பார்க்கவில்லை. யாரோ ஃபோனில் பக்கம் பக்கமாகப் படம் பிடித்திருக்கிறான். 47ஆம் பக்கத்தில் ஒரு பெருவிரல், நகமெல்லாம் மஞ்சள் கறை. கறி சாப்பிட்ட கைதான். அந்தக் கதையில் தாய் வாய் திறக்கிற இடம் அது. கடைசி மூன்று வரியையும் விரல் மறைத்துக்கொண்டிருக்கிறது. உன்மேல் சந்தேகமில்லை. நீ 47 வரை போயிருக்க மாட்டாய்.

300 பிரதி அடித்தேன், கைக்காசு. விற்றது 112. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி நான் செத்து 70 வருடம் வரைக்கும் உரிமை இருக்கிறது. புத்தகம் ஏழு கிழமைகூடத் தாங்கவில்லை! முறைப்பாடு எழுதினேன், ஒரு தளத்தில் இரண்டு நாளில் எடுத்தார்கள். இப்போது மூன்று இடத்தில் கிடக்கிறது, விரலோடு.

கோபத்தில் இரவிரவாகப் பைரேட் பே என்ற கள்ளப் படத் தளத்தின் கதையை வாசித்தேன். 2006 மே 31, சுவீடன் பொலிஸ் சேர்வர்களை அள்ளிக்கொண்டு போனது. மூன்றே நாளில் தளம் திரும்பி வந்தது. 2009இல் நாலு பேருக்கு ஒரு வருடச் சிறை, 30 மில்லியன் குரோனர் நட்டஈடு. அதற்கும் அசையவில்லை. 2014 டிசெம்பரில் மறுபடி பொலிஸ், இரண்டு மாதத்துக்குள் மறுபடி உயிர். எப்படிச் சாகும்? படம் அங்கே இருந்தால்தானே. யாரிடம் இருக்கிறது என்ற விலாசம் மட்டும்தான் அங்கே. படம் ஊர் உலகத்துக் கொம்பியூட்டர்களில் துண்டு துண்டாகக் கிடக்கிறது.

அதில் ஒன்று உன்னுடையது, ஞாபகமா? ராமகிருஷ்ணா வீதி அறையில் 700 எம்பி படம் ஒன்றுக்காக மூன்று இரவு காவல் இருந்தோம், 99 வீதத்தில் கரண்ட் போனது. கரண்டைத் திட்டினோமே தவிர, படம் எடுத்தவனின் வயிற்றெரிச்சல் எங்கள் ஒருத்தருக்கும் தோன்றவில்லை. "இது களவில்லை, பகிர்வு" என்று மொட்டை செய்த பிரசங்கத்துக்கு நான்தான் பலமாகக் கைதட்டினேன்.

நூலகம் தளத்துக்கு நானே கொடுத்திருக்கலாம். 2005இலிருந்து எங்கள் ஆட்களின் புத்தகங்களைச் சேர்க்கிறார்கள். அச்சில் இல்லாத எத்தனையை அங்கே ஓசியில் வாசித்திருக்கிறேன். அச்சுக்காசு வரட்டும் என்று பொறுத்திருந்தேன்.

நேற்றுக் கல்முனையிலிருந்து ஒரு பையன் மின்னஞ்சல் போட்டிருந்தான். ஐந்தாவது கதையின் முடிவு சரியில்லையாம். புத்தகம் வாங்கிய 112 பேரில் ஒருத்தர் இப்படி ஒரு வரி எழுதவில்லை, மச்சான். கடைசியில் கேட்டிருந்தான்: "ஐயா, 47ஆம் பக்கத்தில் விரலுக்குக் கீழே என்ன இருக்கிறது?"

திட்டத்தான் உட்கார்ந்தேன். மூன்று வரியையும் தட்டச்சு செய்து அனுப்பிவிட்டேன்.

உன்
மச்சான்