பொது ஜெபத்தில் விடுபட்டவர்கள்: அமெரிக்கத் தமிழ்ச் சபைப் போதகர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்பான போதகர் ஐயாமாருக்கும் மூப்பர்களுக்கும் ஸ்தோத்திரம்.

நானும் உங்களில் ஒருவன்தான். வாடகைக்கு எடுத்த சர்ச்சில் மதிய ஆராதனை, முடிந்ததும் கீழ்த்தளத்தில் பிரியாணி, டிசம்பர் வந்தால் வீடு வீடாகக் கீத பவனி என்று இந்த நாட்டில் இருபது வருடத்துக்கு மேல் ஓட்டிவிட்டேன். சபையைவிட்டுப் போகும் எண்ணம் இல்லை. ஆனால் ஒரு விஷயம் 2020இலிருந்து தொண்டையில் முள்ளாக நிற்கிறது.

அந்த வருடம் மே 31, பெந்தெகொஸ்தே ஞாயிறு. கொரோனா காலம், ஆளுக்கொரு கட்டத்துக்குள் உட்கார்ந்து ஜூமில் ஆராதனை. ஆறு நாள் முன்னால்தான் மினியாப்பொலிஸில் ஒரு வெள்ளைக்காரப் போலீஸ்காரர் ஜார்ஜ் ஃபிளாய்ட் என்ற கறுப்பினத்தவரின் கழுத்தில் ஒன்பது நிமிடத்துக்கும் மேல் முழங்காலை வைத்து அழுத்தி அவரைக் கொன்றிருந்தார். நாடே தெருவில் நின்றது. நம் பிரசங்கமோ அப்போஸ்தலர் இரண்டாம் அதிகாரம், சகல ஜாதியாரும் ஒரே நற்செய்தியைத் தங்கள் தங்கள் பாஷையில் கேட்ட இடம். பொது ஜெபத்தில் விசா நீட்டிப்பு, ஊரில் மாட்டிக்கொண்ட பெற்றோர், ஒரு தம்பியின் வேலை எல்லாம் வந்தது. அந்த மனிதரும் அவருடைய பிள்ளைகளும் வரவில்லை. ஒரு இளம்பெண் அதைச் சாட்டில் கேட்டாள். "சபைக்குள் அரசியல் வேண்டாம்மா" என்று ஒரு மூப்பர் பதில் போட்டார். அப்புறம் அவள் நம் ஆராதனைக்கு வரவே இல்லை.

நானும் அந்த ஜூமில்தான் இருந்தேன். ஆமென் சொன்னேன்.

1963 ஏப்ரலில் அலபாமாவின் பர்மிங்ஹாமில், பிஷப்புகளும் போதகர்களும் ஒரு யூத ரபியுமாக எட்டு வெள்ளைக்கார மதத் தலைவர்கள், கறுப்பின மக்களின் போராட்டம் விவேகமற்றது, இது அதற்கான நேரமில்லை என்று அறிக்கை விட்டார்கள். அவர்கள் கொடியவர்கள் இல்லை. இனப் பிரிவினை என்றென்றைக்கும் இருக்கும் என்று அதே ஜனவரியில் கவர்னர் வாலஸ் முழங்கியபோது, நீதிமன்றத் தீர்ப்புகளை மதியுங்கள் என்று எழுதியவர்கள் அவர்களில் உண்டு. பொறுங்கள் என்றார்கள், அவ்வளவுதான். அவர்களுக்குத்தான் மார்ட்டின் லூதர் கிங் சிறையிலிருந்து பதில் எழுதினார். ஐந்து மாதம் கழித்து, செப்டம்பர் 15, ஞாயிறு காலை, அதே ஊரில் பதினாறாம் தெரு பாப்டிஸ்ட் சபையில் குண்டு வெடித்தது. ஆராதனைக்குத் தயாராகிக்கொண்டிருந்த நான்கு சிறுமிகள் இறந்தார்கள். மூவருக்கு 14 வயது, டெனிஸ் மெக்நேருக்கு 11. அன்றைய ஓய்வுநாள் பாடம் மன்னிக்கிற அன்பைப் பற்றியது. வண்ணக் கண்ணாடி ஜன்னலில் இருந்த இயேசுவின் முகம் மட்டும் பெயர்ந்து போனது. பிறகு வேல்ஸ் நாட்டு மக்கள் சின்னச் சின்னத் தொகையாகச் சேர்த்து ஒரு புது ஜன்னல் செய்து அனுப்பினார்கள். அதில் கைகளை விரித்து நிற்கும் கிறிஸ்து கறுப்பர்.

அந்தக் குண்டுக்குப் பிறகுதான் 1964இல் சிவில் உரிமைச் சட்டமும் 1965இல் வாக்குரிமைச் சட்டமும் வந்தன. இன, தேசக் கணக்குப் பார்த்து ஆள் எடுக்கும் குடியேற்ற முறையையும் அதே அலைதான் அடித்துப்போட்டது. 1965 அக்டோபர் 3 அன்று அதிபர் ஜான்சன் கையெழுத்துப் போட்ட புதிய குடியேற்றச் சட்டத்துக்கு முன்னால் இந்தியாவுக்கு வருடத்துக்கு 100 பேர்தான் கோட்டா. 1923இல் உச்ச நீதிமன்றம் இந்தியர்கள் வெள்ளையர் இல்லை, அதனால் குடியுரிமை இல்லை என்றே சொல்லியிருந்தது. விசா கிடைத்த சாட்சியை நாம் கண்ணீரோடு சொல்கிறோமே, அந்தச் சாட்சியின் முதல் பாதி கறுப்பினச் சபைகளில் நடந்தது. அதை நம் பிள்ளைகளுக்கு யாரும் ஓய்வுநாள் பள்ளியில் சொல்லித் தரவில்லை. மாறாக, "அந்தப் பக்கம் வீடு வாங்காதீங்க, ஸ்கூல் சரியில்லை" என்பதைச் சாப்பாட்டு மேசையில் அவர்கள் கேட்டு வளர்கிறார்கள்.

ரோமர் 13ஐக் காட்டி, அதிகாரங்களுக்குக் கீழ்ப்படிய வேண்டாமா என்று கேட்பீர்கள். 1807இல் லண்டனில், கரீபியத் தீவுகளின் அடிமைகளுக்கென்று ஒரு வேதாகமம் அச்சடித்தார்கள். இஸ்ரவேலர் எகிப்திலிருந்து விடுதலையாகிப் போன கதையை அதிலிருந்து எடுத்துவிட்டார்கள். எஜமான்களுக்குக் கீழ்ப்படியச் சொல்லும் வசனத்தை வைத்துக்கொண்டார்கள். நாம் முழு வேதாகமத்தையும் கையில் வைத்துக்கொண்டு, வாசிக்கும்போது அதே பக்கங்களைத் தாண்டிப் போகிறோம்.

இதில் நமக்கு அனுபவம் உண்டு என்பதுதான் எனக்கு அதிக வலி. நம் வேதாகமம் தேசங்களையும் இனங்களையும் ஜாதிகள் என்றுதான் சொல்கிறது, ஆனால் அந்தச் சொல் நம் காதில் வேறொரு கணக்கைத் தொடங்கிவிடும். திருநெல்வேலிப் பக்கம் வடக்கன்குளத்தில் 19ஆம் நூற்றாண்டில் ஒரு கோயிலையே கால்சட்டை மாதிரி இரண்டு காலாகக் கட்டினார்கள், ஒரு சாதியார் கண்ணில் மற்ற சாதியார் படாமல் ஒரே பீடத்தைப் பார்ப்பதற்காக. கல்லறைத் தோட்டத்தில் நடுச்சுவர் உள்ள ஊர்கள் உங்களுக்கும் தெரியும். நடுவில் சுவரை வைத்துக்கொண்டே ஸ்தோத்திரம் பாடுவதற்கு நாம் ஊரிலேயே பழகிவிட்டு வந்தோம்.

இன்னொன்று. தென் கரோலினாவின் சார்ல்ஸ்டனில் 2015 ஜூன் 17, புதன்கிழமை இரவு, இமானுவேல் என்ற கறுப்பினச் சபையின் வேதபாடத்துக்கு வந்த ஒரு வெள்ளை இளைஞனை உட்காரவைத்து, அவனோடு ஒரு மணிநேரம் போல மாற்கு நான்காம் அதிகாரத்தைப் படித்தார்கள். ஜெபத்துக்குக் கண்ணை மூடியபோது அவன் சுட்டான். ஒன்பது பேர் இறந்தார்கள், போதகர் பிங்க்னியும் ஒருவர். இரண்டு நாள் கழித்து நீதிமன்றத்தில் சில குடும்பத்தார் அவனை மன்னிப்பதாகச் சொன்னார்கள். அந்த மன்னிப்பை நம் மேடைகளில் பலமுறை கேட்டிருக்கிறேன். அவர்கள் எதை மன்னிக்க வேண்டியிருந்தது என்று ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. அவன் இனவெறியோடு திட்டம் போட்டு, கறுப்பினச் சபை என்பதற்காகவே அந்த வாசலைத் தேடி வந்தவன். அதை விட்டுவிட்டு மன்னிப்பை மட்டும் எடுத்துக்கொள்வது திருட்டு மாதிரி எனக்குப் படுகிறது.

பெரிய தீர்மானம் எதுவும் கேட்கவில்லை ஐயா. கொடி பிடிக்கச் சொல்லவில்லை. பொது ஜெபத்தில் இப்படிக் கொல்லப்படும் கறுப்பின மக்களைப் பெயர் சொல்லிச் சேர்த்துக்கொள்ளுங்கள். பிள்ளைகளுக்கு பர்மிங்ஹாமைச் சொல்லிக் கொடுங்கள். "சபைக்குள் அரசியல் வேண்டாம்" என்று சொன்னவர் யாராக இருந்தாலும் அந்தப் பெண்ணுக்கு ஒரு போன் போடட்டும். அவளிடம் நான் பேசிவிட்டேன், என் மௌனத்துக்கு மன்னிப்பும் கேட்டுவிட்டேன்.

நாம் வாடகை கொடுக்கும் கட்டடத்திலிருந்து நாலு தெரு தள்ளி ஒரு கறுப்பின மெதடிஸ்ட் சபை இருக்கிறது. இத்தனை வருடத்தில் ஒருநாள்கூட நாம் உள்ளே போனதில்லை. வரும் புதன்கிழமை வேதபாடத்துக்கு நாங்கள் நான்கு பேர் போகிறோம். அவர்களுடைய போதகரம்மாவிடம் கேட்டாயிற்று, தாராளமாக வாருங்கள் என்றார். மாலை ஏழு மணிக்கு ஆரம்பம். என் காரில் இன்னும் மூன்று பேருக்கு இடம் இருக்கிறது.

கிறிஸ்துவுக்குள்,
உங்கள் சபையார் ஒருவன்