மோனாலிசாவைத் தவிர வேறு பெண்ணே இல்லையா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பிதழில் ஐரோப்பாவின் மறுமலர்ச்சிக் காலத்தைப் பற்றி இரண்டு பக்கத்துக்கு ஒரு கட்டுரை போட்டிருந்தீர்கள். ஆர்வமாகத்தான் படித்தேன். லியோனார்டோ, மைக்கேலாஞ்சலோ, மாக்கியவெல்லி, மெடிச்சி குடும்பம், அச்சு இயந்திரம் என்று எல்லாமே இருந்தது. பெண் என்று தேடினால் மோனாலிசா ஒருத்திதான், அவளும் படத்தில் இருப்பவள். அதோடு போயிருந்தாலும் பரவாயில்லை. கடைசிப் பத்தியில், அந்தக் காலத்துப் பெண்களுக்குத் தங்கள் நிலைமையைப் பற்றிக் கேள்வி கேட்கத் தோன்றவே இல்லை, பெண்ணுரிமைப் பேச்செல்லாம் பிரெஞ்சுப் புரட்சிக்கு அப்புறம்தான் வந்தது என்கிற மாதிரி எழுதியிருக்கிறது. இது தவறு. பள்ளிப் பிள்ளைகள் வெட்டி எடுத்து நோட்டில் ஒட்டி வைக்கிற பக்கம் அது, அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

மோனாலிசா வரையப்படுவதற்குக் கிட்டத்தட்ட நூறு வருடம் முன்னால், 1405இல், பாரிஸில் ஒரு பெண் பெண்கள் பக்கம் நின்று ஒரு முழுப் புத்தகம் எழுதினார். பெயர் கிறிஸ்டின் த பிசான். 1364இல் வெனிஸில் பிறந்தவர். அப்பா பிரெஞ்சு அரசர் ஐந்தாம் சார்லஸிடம் அரண்மனை சோதிடராக இருந்தார். மகள் நன்றாகப் படிக்கட்டும் என்று அப்பாவுக்கு ஆசை, படிப்பெல்லாம் எதற்கு, மற்றப் பெண்களைப் போல நூல் நூற்கட்டும் என்று அம்மாவுக்கு எண்ணம். இதை கிறிஸ்டினே எழுதி வைத்திருக்கிறார். 15 வயதில் கல்யாணம். 25 வயதில் கணவர் இறந்துபோனார். மூன்று பிள்ளைகள், அம்மா, உறவுக்காரப் பெண் ஒருத்தி என்று ஒரு குடும்பமே அவர் தலையில் விழுந்தது. கணவருக்கு வர வேண்டிய பணத்துக்காக வருடக்கணக்கில் கோர்ட்டுப் படி ஏறி இறங்கினார். அங்கே ஆண்கள் தன்னை எப்படிப் பார்த்தார்கள், என்ன கேலி பேசினார்கள் என்பதையெல்லாம் பிறகு எழுதினார். கடைசியில் எழுத்தை வைத்துத்தான் குடும்பத்தைக் காப்பாற்றினார். பேனாவை நம்பிப் பிழைத்த முதல் ஐரோப்பியப் பெண் என்று அவரைச் சொல்வதுண்டு.

பெங்களூரில் அல்சூர் பக்கம் நாங்கள் ஆறு பெண்கள் மாதம் இரண்டு ஞாயிறு மதியம் ஒரு வீட்டு மொட்டை மாடியில் கூடுகிறோம். ஆங்கிலம் படிக்கத் தெரிந்த இரண்டு பேர் படித்துத் தமிழில் சொல்லுவோம், மற்றவர்கள் கேட்பார்கள், கேள்வியும் கேட்பார்கள். கிறிஸ்டின் எழுதிய 'பெண்களின் நகரம்' புத்தகத்தை அப்படித்தான் நாலு மாதமாகப் படித்தோம். அது எப்படித் தொடங்குகிறது தெரியுமா? கிறிஸ்டின் தன் அறையில் உட்கார்ந்து, பெண்களை ஏசுகிற ஒரு புத்தகத்தைப் புரட்டுகிறார். நாலு பக்கம் போவதற்குள் அம்மா சாப்பிடக் கூப்பிடுகிறார், வைத்துவிட்டுப் போகிறார். மறுநாள் காலையில் மறுபடி எடுக்கிறார். இத்தனை பெரிய அறிஞர்கள் எல்லோருமே பெண்ணைக் கெட்டவள் என்கிறார்களே, அப்படியானால் என் மனசுக்குத் தெரிவதுதான் தப்போ, கடவுள் ஏன் என்னைப் பெண்ணாகப் படைத்தார் என்று இடிந்துபோய் உட்கார்ந்திருக்கிறார். அப்போது அறைக்குள் ஒரு வெளிச்சம். பகுத்தறிவு, நேர்மை, நீதி என்ற பெயரில் மூன்று பெண்கள் வந்து நிற்கிறார்கள். அழாதே, எழுந்திரு, பெண்களுக்கென்று ஒரு நகரம் கட்டு என்கிறார்கள்.

நகரம் கட்ட முதலில் அஸ்திவாரம் தோண்ட வேண்டும். கிறிஸ்டின் தோண்டத் தோண்ட, தோண்டின மண்ணைப் பகுத்தறிவு கூடை கூடையாகத் தோளில் சுமந்து அப்புறப்படுத்துகிறாள். அந்த மண்தான் காலங்காலமாகப் பெண்ணைப் பற்றிச் சொல்லப்பட்ட பழி. இந்த இடத்தை வாசித்தபோது எதிர்மனையில் கட்டட வேலை நடந்துகொண்டிருந்தது. சித்தாள் பெண்கள் தலையில் மண் கூடையோடு வரிசையாகப் போய்க்கொண்டிருந்தார்கள். யாரும் எதுவும் சொல்லவில்லை, ஆறு பேரும் கொஞ்ச நேரம் அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தோம்.

பையன்களைப் பள்ளிக்கு அனுப்புகிற மாதிரி பெண் பிள்ளைகளையும் அனுப்புவது வழக்கமாக இருந்தால் அவர்களும் அதே அளவுக்குக் கற்றுக்கொள்வார்கள் என்று அந்தப் புத்தகத்தில் வருகிறது. 1405இல். பெண்ணுக்கு மூளை குறைவு கிடையாது, வாய்ப்புதான் குறைவு என்று அவ்வளவு முன்னால் ஒருத்தர் எழுதியாகிவிட்டது. எங்களுக்குப் பிடிக்காத இடமும் உண்டு. கடைசியில் கிறிஸ்டின், கெட்ட புருஷன் வாய்த்தவர்கள் பொறுத்துப் போங்கள் என்று புத்தி சொல்கிறார். இவ்வளவு பேசிவிட்டு இதையா சொல்ல வேண்டும் என்று எங்களில் ஒருவருக்கு ஆத்திரமே வந்துவிட்டது. பிரிந்துபோக வழியே இல்லாத காலத்தில் வேறு என்ன சொல்லியிருக்க முடியும் என்று இன்னொருவர். சண்டை தீரவில்லை. எனக்கும் அந்த இடம் இன்றுவரை உறுத்திக்கொண்டுதான் இருக்கிறது.

அப்புறம் லாரா செரேட்டா. இவரைப் பற்றி எழுதத்தான் முக்கியமாக இந்தக் கடிதத்தைத் தொடங்கினேன். இத்தாலியில் பிரேஷியா என்ற ஊர், 1469இல் பிறந்தவர். கல்யாணமாகி ஒன்றரை வருடத்தில் கணவர் இறந்துவிட்டார், அப்போது இவருக்கு வயது 17தான். பகலெல்லாம் வீட்டு வேலை, ராத்திரிதான் என்னுடைய நேரம், நான் தூங்குவதே கொஞ்சம்தான் என்று ஒரு கடிதத்தில் சொல்கிறார். விடிய விடிய உட்கார்ந்து ஒரு சால்வையில் காட்டு மிருகங்களைப் பூவேலையாகத் தைத்ததையும் நுணுக்கமாக விவரிக்கிறார். எங்கள் ஆறு பேரில் ஒரு அக்கா ஆரி வேலை செய்பவர். கல்யாண சீசன் வந்தால் பிளவுஸ் துணியைச் சட்டத்தில் கட்டி, ராத்திரி பன்னிரண்டு மணி வரை ஊசியும் ஜரிகையுமாக இருப்பார். சால்வைக் கடிதத்தைச் சொல்லி முடித்ததும் அவர், "தெச்சிக்கிட்டே என்ன யோசிச்சாங்களாம், அத எழுதலையா?" என்று கேட்டார். அவர் கேட்டபிறகுதான் நானே அந்தக் கடிதத்தை ஒழுங்காகத் திரும்பப் படித்தேன்.

செரேட்டாவின் இன்னொரு கடிதம் 1488 ஜனவரி தேதியிட்டது. ஒருவர் இவரைப் புகழ்கிறார், ஒரு பெண்ணுக்கு இவ்வளவு அறிவா, நீ ஒரு அதிசயம் என்று. செரேட்டாவுக்கு வந்ததே கோபம். என்னை மட்டும் அதிசயம் என்று சொல்வது மற்ற எல்லாப் பெண்களையும் முட்டாள் என்று சொல்வதற்குச் சமம், எனக்கு இந்தப் புகழ்ச்சி வேண்டாம் என்கிறார். பழைய காலத்திலிருந்து படித்த பெண்கள் எத்தனை பேர் என்று வரிசையாக எடுத்து வைக்கிறார், அறிவு எல்லோருக்கும் இயற்கை கொடுத்ததுதான், உழைத்துக் கற்றுக்கொள்கிறவருக்கு வருகிறது என்கிறார். அப்போது அவருக்கு வயது 18. அலுவலகத்தில், உறவில், "நீ மத்த பொம்பளைங்க மாதிரி இல்லம்மா" என்று பாராட்டாகச் சொல்லக் கேட்காத பெண் யாராவது இருக்கிறார்களா? நானும் முப்பது வருடம் அதைக் கேட்டுச் சிரித்துவிட்டு வந்தவள். அதற்குப் பதில் 1488லேயே எழுதப்பட்டிருக்கிறது. 30 வயதில் அவர் இறந்துபோனார், கடிதங்கள் அச்சில் வந்தது 1640இல்தான்.

அதே இத்தாலியில் வெரோனா ஊரைச் சேர்ந்த இசோட்டா நோகரோலாவின் கதை வேறு மாதிரி. குவாரினோ என்ற புகழ்பெற்ற அறிஞருக்கு லத்தீனில் கடிதம் எழுதினார். அவர் பதிலே போடவில்லை. ஊரில் பெண்களே இவரைப் பார்த்துச் சிரித்தார்கள். மறுபடி எழுதினார், உங்களால்தான் எனக்கு இந்த அவமானம், நான் ஏன் பெண்ணாகப் பிறந்தேன் என்று. இந்தத் தடவை பதில் வந்தது. பெண்ணுக்குள்ளே ஒரு ஆணை உண்டாக்கிக்கொள் என்று அறிவுரை! அவ்வளவு படித்த மனிதருக்கு அதற்கு மேல் தோன்றவில்லை.

வெனிஸில் பிரச்சினை வரதட்சணை. நம் வாசகர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். தொகை ஏறிக்கொண்டே போனதால், பெரிய குடும்பங்களில்கூட ஒரு மகளைக் கட்டிக் கொடுத்துவிட்டு மற்ற மகள்களைக் கன்னியாஸ்திரி மடத்தில் சேர்த்துவிடுவார்கள், மடத்துக்குக் கட்டுகிற பணம் குறைவு என்பதால். அப்படி உள்ளே தள்ளப்பட்டவர் ஆர்காஞ்செலா தாராபோட்டி. மூத்த மகள், கொஞ்சம் கால் ஊனம். சிறுமியாக உள்ளே போனவர் 1652இல் சாகும்வரை அங்கேயே இருந்தார். அங்கிருந்தே எழுதினார், விருப்பமில்லாத பெண்களை அடைத்து வைக்கிற அப்பாக்களையும், அதனால் லாபம் பார்க்கிற அரசாங்கத்தையும் நேராகக் குற்றம் சாட்டி. அவர் இறந்தபிறகு 1654இல் அந்தப் புத்தகம் வெளிவந்தது, சில வருடத்தில் திருச்சபை அதைத் தடை செய்தது. அதே ஊரில் அவருக்கு முந்தின தலைமுறையில் மொதெராட்டா ஃபோந்தே. ஒரு தோட்டத்தில் ஏழு பெண்கள் உட்கார்ந்து இரண்டு நாள் பேசுவதுதான் அவர் புத்தகம். கன்னிப்பெண், புதுப்பெண், விதவை எல்லோரும் இருக்கிறார்கள். சீரும் கொடுத்து, கொடுத்த இடத்துக்கே அடிமையாகவும் போக வேண்டுமா என்று அதில் கேள்வி வருகிறது. எங்கள் மாடியில் அன்றைக்கு அதற்கு மேல் புத்தகம் நகரவில்லை. அவரவர் வீட்டு சவரன் கணக்கு வெளியே வந்தது, யாருக்கு எத்தனை போட்டார்கள், எதை விற்றார்கள், எது இன்னும் அடகில் இருக்கிறது என்று. ஃபோந்தே நாலாவது பிரசவத்தில் 1592இல் இறந்தார், முந்தின நாள்தான் எழுதி முடித்தாராம். புத்தகம் 1600இல் வந்தது. பெண்களைத் திட்டி 1599இல் ஒருவர் எழுதிய புத்தகத்துக்குப் பதிலாக லுக்ரேசியா மாரினெல்லா எழுதியதும் அதே 1600இல்தான் வந்தது. பெண்களின் சிறப்பைச் சொன்னதோடு நிற்காமல் ஆண்களின் குறைகளையும் பட்டியல் போட்டுவிட்டார் அவர்.

பிரான்சில் லூயீஸ் லபே 1555இலேயே பெண்களைப் பார்த்து, ராட்டையிலிருந்து தலையைக் கொஞ்சம் நிமிர்த்துங்கள் என்றார். மாரி த கூர்னே 1622இல் ஆணும் பெண்ணும் சமம் என்று எழுதினார். ஜன்னலில் உட்கார்ந்திருக்கிற ஆண் பூனையும் பெண் பூனையும் ஒத்திருக்கிற மாதிரி வேறு எதுவும் ஒத்திருக்காது என்பது அவர் சொன்னது. இவ்வளவும் பிரெஞ்சுப் புரட்சிக்கு நூற்றுமுப்பது வருடத்துக்கு மேல் முந்தியது.

எல்லாம் வெளிநாட்டுக் கதையாகவே போகிறதே என்று தோன்றலாம். என் மகள் இங்கே பள்ளியில் கன்னடம் படித்தவள். ஃபோந்தே பற்றி வீட்டில் பேசிக்கொண்டிருந்தபோது, "அம்மா, இத நாங்க பாடத்துல படிச்சோம்" என்று சஞ்சி ஹொன்னம்மாவின் வரிகளைக் கடகடவென்று சொன்னாள். ஹொன்னம்மா 17ஆம் நூற்றாண்டில் மைசூர் அரண்மனையில் வெற்றிலைப் பை ஏந்துகிற வேலை பார்த்தவர், சஞ்சி என்றால் அந்தப் பைதான். அரசர் சிக்கதேவராஜர் காலம். 'பெண்ணு பெண்ணெந்தேதகெ பீளுகளெவரு, கண்ணு காணத காவிலரு' என்கிறார். அதற்கு முந்தின வரிகளையும் சேர்த்தால், பெற்ற தாய் பெண்ணல்லவா, வளர்த்தவள் பெண்ணல்லவா, பெண் பெண் என்று எதற்கு இளக்காரம் செய்கிறார்கள் இந்தக் கண் தெரியாத மூடர்கள் என்று அர்த்தம். தமிழ் தெரிந்தவருக்குப் பாதி மொழிபெயர்ப்பே தேவையில்லை. அந்த நூல் என்னவோ பதிவிரதை தர்மத்தைச் சொல்வதுதான், கிறிஸ்டினின் கடைசிப் பக்கம் மாதிரி. ஆனால் அதற்குள்ளே இந்த வரியும் இருக்கிறது. தாராபோட்டி மடத்துக்குள் எழுதிய அதே நூற்றாண்டு.

பாடகி பெங்களூர் நாகரத்தினம்மாவையும் நினைத்துக்கொள்கிறேன். தஞ்சை அரண்மனையில் 18ஆம் நூற்றாண்டில் முத்துப்பழனி எழுதிய தெலுங்குக் காவியத்தை, முந்தின பதிப்பில் கத்தரித்துவிட்ட பாட்டுகளையும் சேர்த்து 1910இல் பதிப்பித்தார். வெட்கம் பெண்ணுக்கு மட்டும்தானா என்று கேட்டார். அரசாங்கம் புத்தகத்தைத் தடை செய்தது, தடை நீங்கியது 1947இல். எழுதியவள் ஒருத்தி, அதை மீட்க இன்னொருத்தி, நடுவே எத்தனை வருடம்!

ஆசிரியருக்கு என் வேண்டுகோள் இவ்வளவுதான். அந்தக் கடைசிப் பத்திக்கு ஒரு திருத்தம் போடுங்கள். முடிந்தால் இவர்களைப் பற்றி வாரம் ஒருவர் என்று ஒரு தொடர் கொண்டுவாருங்கள், மாணவர் பக்கத்தில் அரைப் பக்கம் ஒதுக்கினாலே போதும். செரேட்டாவின் 1488 கடிதத்தை, ஆரி வேலை செய்கிற அக்கா கேட்டுக்கொண்டதற்காக, ஆங்கிலத்திலிருந்து தமிழில் ஒரு நாற்பது பக்க நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். பிரசுரிப்பீர்கள் என்றால் படி எடுத்து அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் வாசகி,
அல்சூர், பெங்களூரு