போலீஸ் நிற்பதற்கு முன் விதியைக் காட்டுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கப்பலூர், எட்டூர்வட்டம், சாலைப்புதூர், நாங்குநேரி சுங்கச்சாவடிகளுக்குப் போக்குவரத்துக் கழகங்கள் வைத்த பாக்கி 276 கோடி ரூபாய். அதனால் 2025 ஜூலை 10 முதல் அரசு பஸ்களை அங்கே விடக்கூடாது என்றும், பிரச்சினை வராமல் போலீஸ் பாதுகாப்புக் கொடுக்க வேண்டும் என்றும் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. பேசித் தீர்க்கிறோம் என்று அரசு சொன்னபின் அந்த உத்தரவு ஜூலை 31 வரை நிறுத்திவைக்கப்பட்டது. கப்பலூர் சாவடிக்குப் பக்கத்திலுள்ள திருமங்கலத்தில் ஒரு லோடு வண்டியை வைத்துப் பிழைப்பவன் என்ற முறையில் சிலவற்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

சாவடிக் கூண்டில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளுக்குப் பாதுகாப்பு வேண்டும். அதில் எனக்கு இரண்டாவது கருத்தே இல்லை. 2020 ஜனவரி 26 அன்று பரனூர் சாவடியை அடித்து நொறுக்கியதை நாம் எல்லோரும் பார்த்தோம். மாதச் சம்பளத்துக்கு வந்த அந்தப் பிள்ளைகளா கட்டணத்தை நிர்ணயித்தார்கள்? ஒருமுறை வேறொரு சாவடியில், எனக்கு முன்னால் நின்ற காரிலிருந்து ஒருவர் இறங்கி, கூண்டிலிருந்த பெண்ணைச் சொல்லக் கூசும் வார்த்தைகளால் திட்டினார். அந்தப் பெண் தலை நிமிரவே இல்லை. அவருக்காக அங்கே ஒரு காவலர் நின்றிருந்தால் முதலில் கைகூப்பியிருப்பவன் நான்தான்.

ஆனால் வசூலுக்கு ஊரே எதிர்ப்புத் தெரிவிக்கும்போது, எதிர்ப்புக்குப் பதில் சொல்லாமல் போலீசை மட்டும் கொண்டுவந்து நிறுத்துவது வேறு விஷயம். 2024 ஜூலையில் கப்பலூரில் உள்ளூர் வண்டிகளும் பாதிக் கட்டணம் கட்ட வேண்டும் என்றபோது திருமங்கலத்தில் கடையடைப்பே நடந்தது. கடையை அடைத்தால் அன்றைய வருமானம் போகும் என்று தெரிந்தும் வியாபாரிகள் அடைத்தார்கள்.

காரணம் எளியது. தேசிய நெடுஞ்சாலைக் கட்டண விதிகள், 2008-இன் 8-வது விதிப்படி, சுங்கச்சாவடி நகராட்சி எல்லையிலிருந்து 10 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்க வேண்டும். காரணத்தை எழுத்தில் பதிந்துவிட்டு அதற்குள்ளும் வைக்கலாம். ஆனால் 5 கிலோமீட்டருக்குள் கூடாது. முக்கியமாக அந்த நகரவாசிகளின் உபயோகத்துக்கென்றே போட்ட சாலை, புறவழிச்சாலை, சுரங்கப்பாதைக்கு மட்டும்தான் விலக்கு. கப்பலூர் சாவடி திருமங்கலம் நகராட்சிக்கு 5 கிலோமீட்டருக்குள் இருக்கிறது. மதுரையிலிருந்து கன்னியாகுமரி போகும் நான்குவழிச்சாலையைத் திருமங்கலத்துக்காரர்களுக்காகப் போட்டது என்று யாராவது சொல்ல முடியுமா? டி.கல்லுப்பட்டி, பேரையூர், ராஜபாளையம் பக்கமிருந்து மதுரைக்கு வருகிறவர்களின் நிலை இன்னும் மோசம். திருமங்கலம் வரை வேறு ரோட்டில் வந்து, நான்குவழியில் கொஞ்ச தூரம் ஓடியதற்கு முழுக் கட்டணம் அழுகிறார்கள்.

விதிகள் வருவதற்கு முந்தைய ஒப்பந்தம், அதனால் இது பொருந்தாது என்று நெடுஞ்சாலை ஆணையம் சொல்லலாம். சொல்லட்டும். அந்த ஒப்பந்தத்தையும், இந்த இடத்தைத் தேர்ந்தெடுத்த காரணத்தையும் திருமங்கலம் தாலுகா அலுவலகப் பலகையில் தமிழில் ஒட்டட்டும். தேர்தலுக்குத் தேர்தல் சாவடியை அகற்றுவோம் என்று வாக்குறுதி கேட்டுச் சலித்த எங்களுக்கு அந்த ஒரு தாள் போதும். 2022 மார்ச்சில் மத்திய அமைச்சர் கட்கரி, 60 கிலோமீட்டருக்குள் ஒரு சாவடிதான் இருக்கும், மற்றவை மூன்று மாதத்தில் மூடப்படும், உள்ளூர்வாசிகளுக்குப் பாஸ் தரப்படும் என்று மக்களவையிலேயே சொன்னார். 2025 ஆகஸ்ட் 15 முதல் 3,000 ரூபாய்க்கு ஆண்டு பாஸ் கொண்டுவந்தார்கள். நல்லதுதான். ஆனால் அது சொந்தக் கார், ஜீப், வேனுக்கு மட்டும். காய்கறி ஏற்றும் என் வண்டிக்குக் கிடையாது.

பஸ் விவகாரத்தில் எனக்கு மிகவும் வலிப்பது இதுதான். பாக்கி வைத்தது போக்குவரத்துக் கழகம். கேட்பது வசூல் நிறுவனம். இடையில் பஸ்ஸைத் தடுத்தால் மருத்துவமனைக்கும் கல்லூரிக்கும் டிக்கெட் எடுத்து உட்கார்ந்தவர்கள்தான் நடுரோட்டில் நிற்பார்கள். டிக்கெட்டுக்குக் காசு கொடுத்தவர்கள் முன்னால் போலீசை நிறுத்துவதில் என்ன நியாயம்? ஸ்டேஷனில் இருப்பதே விரல் விட்டு எண்ணக்கூடிய போலீசார். அவர்களைச் சாவடிக்கு அனுப்பிவிட்டால், இரவு ரோந்துக்கும் விபத்து நடந்த இடத்துக்கும் யார் போவது? கிரிக்கெட் போட்டிக்கும் சினிமா படப்பிடிப்புக்கும் பந்தோபஸ்து கேட்டால் கட்டணம் கட்ட வேண்டியிருக்கிறது. வசூல் நிறுவனங்களிடமும் அப்படியே வாங்க வேண்டும்.

மாவட்ட ஆட்சியர், நெடுஞ்சாலை ஆணைய அதிகாரிகள், வசூல் நிறுவனத்தார், திருமங்கலம் வியாபாரிகள், வண்டி உரிமையாளர்கள் எல்லோரையும் ஒரே மேசையில் உட்காரவைத்து, சாவடியை மாற்ற முடியுமா முடியாதா என்று எழுத்தில் சொல்ல வேண்டும். அதுவரை, விதி என்ன என்று கேட்கும் எங்கள் மீது வழக்குப் போட வேண்டாம் என்று தங்கள் இதழின் வழியே கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
சரக்கு வாகன உரிமையாளர் ஒருவர்,
திருமங்கலம்.