இடைக்கண்டம் தேர்வுக்கு மட்டும் உரியதா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன வாரம் உங்கள் மாணவர் இணைப்பில் பத்தாம் வகுப்பு அளவியல் பாடத்துக்கான குறிப்புகள் வந்திருந்தன. அதில் இடைக்கண்டத்தைப் பற்றி எழுதியவர், "கூம்பின் நுனியை எப்படி வெட்டினாலும் கீழே மிஞ்சுவது இடைக்கண்டம். அன்றாட வாழ்க்கையில் இதற்கு வேலை இல்லை, தேர்வுக்குத் தெரிந்துகொண்டால் போதும்" என்று எழுதியிருக்கிறார். இரண்டு வாக்கியம், இரண்டும் தவறு. முதலாவது கவனக்குறைவு என்று விட்டிருப்பேன். இரண்டாவதை விட மனசு வரவில்லை. வியாசர்பாடியிலும் தண்டையார்பேட்டையிலும் ஷீட் மெட்டல் பட்டறைகளிலேயே என் வயது போனது. அங்கே நான் தகடு வெட்டி, உருட்டி, வெல்டு வைத்துக் கொடுத்தவற்றில் பாதி இடைக்கண்டங்கள்தான்.

உங்களுக்குத் தெரியாததை நான் சொல்லப்போவதில்லை. கூம்பை அதன் அடிப்பக்கத்துக்கு இணையான தளத்தால் வெட்டினால், அந்த வெட்டுக்கும் அடிக்கும் நடுவே நிற்பதுதான் இடைக்கண்டம். இணையாக வெட்ட வேண்டும். அதை விட்டுவிட்டால் மிச்சம் எதுவும் நிற்காது. இணையாக வெட்டினால் மேல்வாயும் வட்டம், கீழ்வாயும் வட்டம், சுற்றிலும் எங்கே அளந்தாலும் சாயுயரம், அதாவது சாய்ந்த பக்கத்தின் நீளம், ஒன்றே. கொஞ்சம் சாய்த்து வெட்டினாலும் மேல்வாய் நீள்வட்டமாகிவிடும், சாயுயரம் பக்கத்துக்குப் பக்கம் மாறும், பாடநூலில் இருக்கும் சூத்திரம் எதையும் அதற்குப் போட முடியாது. அப்புறம், இது கூம்புக்கு மட்டும் உரிய பெயரும் இல்லை. பிரமிடை அப்படி வெட்டினாலும் இடைக்கண்டம்தான். ஆலைகளில் தானியம் கொட்டும் ஹாப்பரின் கீழ்ப்பாதி பெரும்பாலும் அந்த வடிவம்தான்.

"எப்படி வெட்டினாலும்" என்று எழுதினால் என்ன ஆகும் என்பதை நான் கைக்காசு கொடுத்துத் தெரிந்துகொண்டிருக்கிறேன். ஒரு கம்பெனியிலிருந்து டக்ட் வேலைக்கு, அதாவது காற்று போகும் தகட்டுக் குழாய் வேலைக்கு, ஒரு டிராயிங் வந்தது. பெரிய குழாயிலிருந்து சின்னக் குழாய்க்கு இறங்கும் ரெட்யூசர். அதில் 'கோன், நுனி வெட்டியது' என்று மட்டும் எழுதி, மேலே ஒரு சாய்ந்த கோடு போட்டிருந்தார்கள். எனக்குச் சந்தேகம் வந்து போன் போட்டுக் கேட்டேன். டிராயிங்கில் இருப்பதைச் செய்தால் போதும் என்று அந்த இன்ஜினியர் போனை வைத்துவிட்டார். கோட்டின்படியே வெட்டினோம். மேல்வாய் நீள்வட்டமாக வந்தது. அவர்கள் வாங்கி வைத்திருந்தது வட்ட ஃபிளாஞ்ச், குழாய் வாயில் பொருத்தும் வளையம். உட்காருமா? தகட்டின் விலையை எங்கள் பில்லில் கழித்துவிட்டார்கள். டிராயிங்கில் இடைக்கண்டம் என்றோ அதன் ஆங்கிலப் பெயரையோ எழுதியிருந்தால் அந்தச் சாய்ந்த கோட்டுக்கே இடம் இருந்திருக்காது, ஏனென்றால் இணையான வெட்டு என்பது அந்தப் பெயருக்குள்ளேயே இருக்கிறது. இப்போது அதே தவறை நீங்கள் வீட்டுக்கு வீடு அச்சடித்து அனுப்புகிறீர்கள். அந்த ஆங்கிலப் பெயரையும் ஃபிரஸ்ட்ரம் என்று போட்டிருக்கிறீர்கள். ஃபிரஸ்டம் என்பதுதான் சரி.

சரி, கணக்குக்கு வருகிறேன். அதே பக்கத்தில் ஒரு வாளிக் கணக்கு. மேல் ஆரம் 14 செ.மீ., அடி ஆரம் 7 செ.மீ., உயரம் 24 செ.மீ. எவ்வளவு தண்ணீர் பிடிக்கும்? உங்கள் குறிப்பில் இரண்டு ஆரத்துக்கும் சராசரி எடுத்து, 10.5 செ.மீ. ஆரமுள்ள உருளையாக வைத்து, 8,316 கன செ.மீ. என்று விடை போட்டிருக்கிறார்கள். சரியான விடை 8,624. பெரிய ஆரத்தின் வர்க்கம் 196, சின்ன ஆரத்தின் வர்க்கம் 49, இரண்டு ஆரத்தையும் பெருக்கினால் 98. மூன்றையும் கூட்டினால் 343. அதை உயரத்தாலும் 22/7-ஆலும் பெருக்கி மூன்றால் வகுக்க வேண்டும். என் பேத்தி தமிழ் வழியில் பத்தாவது படிக்கிறாள். உங்கள் பத்திரிகையில் வந்தது என்ற நம்பிக்கையில் 8,316 என்று எழுதிக்கொண்டு போய், வகுப்பில் சிவப்பு மையில் வாங்கிக்கொண்டு வந்தாள். 308 கன செ.மீ. வித்தியாசம். பெரிய டம்ளரில் ஒரு டம்ளர் தண்ணீர். குடத்தோடு லாரிக்குக் காத்து நின்ற வடசென்னைப் பெண்களிடம் ஒரு டம்ளர் தண்ணீர் ஒன்றுமில்லை என்று யாரும் சொல்லிவிட முடியாது.

இதில் எனக்கு வருத்தம் என்னவென்றால், சராசரி எடுத்தால் போதாது என்பது நம் நாட்டில் 628-ஆம் ஆண்டிலேயே எழுதி வைத்த விஷயம். பிரம்மகுப்தர் தன் பிரம்மஸ்புட சித்தாந்தத்தில் பள்ளம் தோண்டும் கணக்குக்கு இதைச் சொல்கிறார். முதலில் மேல் அளவுக்கும் அடி அளவுக்கும் சராசரி எடுத்து ஒரு கன அளவு கண்டுபிடி. பிறகு மேல் பரப்புக்கும் அடிப் பரப்புக்கும் சராசரி எடுத்து இன்னொரு கன அளவு கண்டுபிடி. இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தில் மூன்றில் ஒரு பங்கை முதலாவதோடு கூட்டு, அதுதான் துல்லியமான அளவு. உங்கள் வாளிக்கே போட்டுப் பாருங்கள். முதலாவது 8,316. இரண்டாவது 9,240. வித்தியாசம் 924, அதில் மூன்றில் ஒரு பங்கு 308. கூட்டினால் 8,624. உங்கள் குறிப்பு எழுதியவர் பிரம்மகுப்தரின் முதல் படியிலேயே நின்று, அதையே விடை என்று பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டார்.

எகிப்துக்காரர்கள் அதற்கும் முந்தி. மாஸ்கோ பாப்பிரஸ் என்று சொல்கிறார்களே, சுமார் 3,800 ஆண்டுப் பழமையான சுருள், அதன் 14-ஆம் கணக்கு சதுர அடி கொண்ட இடைக்கண்டம்தான். அடிப்பக்கம் 4, மேல்பக்கம் 2, உயரம் 6. விடை 56. வர்க்கம் 16, வர்க்கம் 4, பெருக்கல் 8, கூட்டினால் 28, உயரத்தில் மூன்றில் ஒரு பங்கு 2. நாம் இன்று பாடநூலில் படிக்கும் அதே வழி. அன்றாட வாழ்க்கையில் வேலை இல்லாத ஒன்றை அவ்வளவு காலத்துக்கு முன்பே உட்கார்ந்து எழுதி வைத்திருப்பார்களா?

போன வருடமும் உங்களுக்கு ஒரு கடிதம் போட்டேன். அப்போது வந்த படத்தில் சாயுயரம் இருக்க வேண்டிய இடத்தில் உயரத்தைக் குறித்திருந்தீர்கள். பதில் இல்லை, திருத்தமும் வரவில்லை. முன்பெல்லாம் உங்கள் பத்திரிகையில் பிழைத்திருத்தம் என்று ஒரு சின்னக் கட்டம் வரும், ஊர்ப் பெயரில் ஒரு எழுத்து மாறினால்கூடப் போடுவீர்கள். அதைப் பார்த்துத்தான் இது நம் வீட்டுக்கு வர வேண்டிய பத்திரிகை என்று என் அப்பா முடிவு செய்தார். இப்போது அந்தக் கட்டத்தைக் காணோம்.

வடசென்னை என்றாலே உங்களுக்கு மழைத்தண்ணீர் தேங்கிய தெருவும் வெட்டுக்குத்தும்தான் நினைவுக்கு வருகின்றன. ஒவ்வொரு டிசம்பர் 22-க்கும் இராமானுஜனைப் பற்றிக் கட்டுரை போடுகிறீர்கள். கும்பகோணத்து வீட்டின் படமும் கேம்பிரிட்ஜ் படமும் வரும். அவர் 1912-இல் கணக்குப் பிரிவு எழுத்தராகச் சேர்ந்தது இந்தச் சென்னைத் துறைமுகத்தில்தான். இராயபுரத்தில் அவர் பெயரில் 1993-இல் தொடங்கிய கணித அருங்காட்சியகம் இருக்கிறது. கணக்கை விளையாட்டாகச் சொல்லிக்கொடுப்பதற்கே வாழ்ந்த பி.கே. சீனிவாசன் அதற்காக உழைத்தார். அதைப் பற்றி ஒரு வரி உங்கள் கட்டுரைகளில் நான் பார்த்ததில்லை. எங்கள் பக்கத்துக்கும் கணக்குக்கும் சம்பந்தம் இல்லை என்ற எண்ணம் உங்கள் அலுவலகத்தில் எங்கோ இருக்கிறது. அதனால்தான் "அன்றாட வாழ்க்கையில் இதற்கு வேலை இல்லை" என்ற வாக்கியம் யார் கையிலும் தடுக்காமல் அச்சுக்குப் போயிருக்கிறது.

பட்டறையில் இடைக்கண்டம் என்று யாரும் சொல்வதில்லை, உண்மைதான். கோன் என்போம், ரெட்யூசர் என்போம், டேப்பர் என்போம். ஆனால் செய்வது அதைத்தான். அதே வாளியைத் தகட்டில் செய்ய வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆர வித்தியாசம் 7, உயரம் 24, எனவே சாயுயரம் 25. மேல் ஆரம் அடி ஆரத்தைப் போல இரண்டு மடங்கு, அதனால் நுனி வரை நீட்டிய முழுக் கூம்பின் சாயுயரம் 50. நாங்கள் தகட்டில் ஒரு புள்ளி குத்தி, 50 செ.மீ.க்கு ஒரு வில்லும் அதே மையத்திலிருந்து 25 செ.மீ.க்கு இன்னொரு வில்லும் போடுவோம். 100.8 பாகைக்கு இரண்டு பக்கமும் கோடு இழுத்து, ஜாயிண்டுக்குக் கொஞ்சம் விட்டு வெட்டுவோம். உருட்டினால் மேலே 28, கீழே 14 செ.மீ. விட்டத்தில் வாய் பிசகாமல் சேரும். வளைபரப்பு 1,650 சதுர செ.மீ. சாயுயரத்துக்குப் பதிலாக உயரத்தைப் போட்டால் 1,584 வரும், தகடு குறையும். போன வருடம் நீங்கள் போட்ட படத்தை நம்பி ஒரு பையன் வெட்டியிருந்தால் அந்தத் தகடு பழைய இரும்புக்குத்தான் போயிருக்கும்.

என்னிடம் வேலை கற்றுக்கொண்ட ஒரு பையன், காசிமேட்டுக்காரன், பத்தாவதில் கணக்கில் தோற்று வந்தவன். இந்த வில்லை அவன் போடுகிற நேர்த்தியை நான் வேறு யாரிடமும் பார்த்ததில்லை. நீ போடுவது உன் பாடப் புத்தகத்தில் இருக்கும் அதே கணக்குதான்டா என்று நான் சொன்னபோது அவன் நம்பவே இல்லை. பள்ளிக்கூடத்தில் அதை அவனுக்குத் தேர்வுக்கான சங்கதியாக மட்டுமே காட்டியிருக்கிறார்கள். இன்று திருவொற்றியூரிலும் கொருக்குப்பேட்டையிலும் அவனைப் போலப் படிக்கிற பிள்ளைகள் இருக்கிறார்கள், அவர்கள் வீடுகளிலும் உங்கள் பத்திரிகை போகிறது. அப்பா செய்கிற வேலைக்குள் இந்தப் பாடம் இருக்கிறது என்று அவர்களுக்குச் சொல்ல வேண்டியவர்கள் நீங்கள். நீங்களே வேலைக்கு ஆகாது என்று எழுதினால் அவர்கள் யாரிடம் போய்க் கேட்பார்கள்?

நான் கேட்பது பெரிதாக ஒன்றும் இல்லை. அடுத்த வார இணைப்பில், அதே பக்கத்தில், அதே எழுத்து அளவில், அடிக்கு இணையாக வெட்டினால்தான் இடைக்கண்டம் என்றும் வாளிக் கணக்கின் விடை 8,624 கன செ.மீ. என்றும் போடுங்கள். உயரத்தையும் சாயுயரத்தையும் தனித்தனியாகக் குறித்து நானே அளவுகோலில் வரைந்த படத்தை இத்துடன் வைத்திருக்கிறேன், அதைப் பயன்படுத்திக்கொள்ளலாம். தேர்வு நெருங்கும்போது இந்தக் குறிப்புகளைப் புத்தகமாகத் தொகுப்பீர்கள், அப்போது அன்றாட வாழ்க்கையில் வேலை இல்லை என்ற அந்த வாக்கியத்தை எடுத்துவிடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஷீட் மெட்டல் தொழிலாளி,
தண்டையார்பேட்டை, சென்னை