கூச் பேசிய இடங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் விசித்திர மனிதர்கள் பற்றிய உங்கள் ஞாயிறு கட்டுரையில் டேனியல் கூச்சுக்கு நான்கே வரி கொடுத்திருக்கிறீர்கள். 1865 முதல் 1885 வரை கிரிக்லேடு தொகுதியின் கன்சர்வேட்டிவ் எம்.பி., ஒரு விவாதத்திலும் பேசியதில்லை, இன்னும் பலர் தன்னைப் போல இருந்தால் சபை வேலை ஒழுங்காக நடக்கும் என்று நாட்குறிப்பில் எழுதிவைத்த அடக்கமான மனிதர். அவ்வளவுதான். படித்துச் சிரித்தேன். ஆனால் வாழ்நாள் முழுவதும் ரயில்வேயில் கழித்த எனக்கு அந்த நான்கு வரி போதவில்லை.

1837-இல் இங்கிலாந்தின் கிரேட் வெஸ்டர்ன் ரயில்வேயின் இன்ஜின்களுக்கெல்லாம் பொறுப்பாளராக பொறியாளர் புரூனெல் கூச்சை நியமித்தபோது அவருக்கு 21 வயதுகூட நிறையவில்லை. வந்து சேர்ந்த இன்ஜின்களோ பல கம்பெனிகள் தங்கள் இஷ்டத்துக்குச் செய்து அனுப்பியவை. பாதி நாள் ஓடாது. நம்பி ஓட்ட முடிந்தது ராபர்ட் ஸ்டீவன்சன் கம்பெனியின் ‘நார்த் ஸ்டார்’ இன்ஜினைத்தான். (அது முதலில் அமெரிக்காவுக்காக, நம் பிராட் கேஜின் அதே ஐந்தரை அடி அகலத்துக்குச் செய்யப்பட்டது என்பது எங்களைப் போன்றவர்களுக்குத் தனி சந்தோஷம்.) கூச் அதையே மாதிரியாக வைத்து ‘ஃபயர்ஃபிளை’ வகையை வரைந்தார். வெவ்வேறு கம்பெனிகள் செய்தாலும் உதிரிபாகங்கள் ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும் என்று வரைபடத்தோடு அளவு மாதிரித் தகடுகளையும் அனுப்பினார். அப்படி 62 இன்ஜின்கள். ஒர்க்‌ஷாப்பில் வேலை பார்த்தவர்களுக்கு இதன் அருமை தெரியும். ஸ்விண்டனில் ஒர்க்‌ஷாப் அமைக்கலாம் என்று இடம் சொன்னவரும் அவரே.

பேசத் தெரியாத மனிதரா என்றால், இல்லை. 1845-இல் பாதையின் அகலம் பற்றி விசாரிக்க அரசு ஆணையம் வைத்தது. புரூனெலின் 7 அடிப் பாதைக்காக கூச் சாட்சி சொன்னார். சொன்னதோடு நிற்காமல் ‘இக்சியன்’ இன்ஜினை ஆணையத்தார் கண்முன் ஓட்டியும் காட்டினார். சோதனையில் அகலப் பாதைதான் வென்றது. ஆனால் நாட்டில் அப்போது மற்ற கம்பெனிகளின் குறுகிய பாதை (இன்று ஸ்டாண்டர்டு கேஜ் எனப்படும் நாலடி எட்டரை அங்குலம்) சுமார் 1,900 மைல், அகலப் பாதை சுமார் 270 மைல். மறு ஆண்டே சட்டம் குறுகிய பாதையின் பக்கம் சாய்ந்தது.

கட்டுரை விட்டுவிட்ட இன்னொன்று கடலடித் தந்தி கேபிள். ‘கிரேட் ஈஸ்டர்ன்’ கப்பலை ஏலத்தில் எடுத்தவர்களில் கூச்சும் ஒருவர். 1865-இல் அட்லாண்டிக் நடுவில் கேபிள் அறுந்தது. 1866-இல் புதிய கேபிளைக் கரைசேர்த்ததோடு, அறுந்ததையும் கடலடியிலிருந்து தூக்கி இணைத்துவிட்டார்கள். பாரோனெட் என்ற பரம்பரைப் பட்டம் அதற்காகக் கிடைத்தது, எம்.பி. பதவிக்காக அல்ல. அதே கப்பல்தான் 1870-இல் பம்பாயிலிருந்து ஏடனுக்குக் கேபிள் போட்டது.

சரி, அந்த மௌனத்துக்கு வருவோம். கட்டுரையாளர் அதை அடக்கம் என்கிறார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. எம்.பி. ஆன அதே 1865-இல் கூச் கிரேட் வெஸ்டர்ன் ரயில்வேயின் சேர்மனும் ஆனார்; 1889-இல் சாகும்வரை அந்தப் பதவியில் இருந்தார். திவாலாகும் நிலையில் இருந்த கம்பெனியை நிமிர்த்தியதும், செவர்ன் சுரங்கப் பாதையை 1886-இல் முடித்ததும் அந்தக் காலத்தில்தான். அன்றைய சபையில் ரயில்வே இயக்குநர்கள் நூறு பேருக்கு மேல் இருந்தார்கள். ரயில்வே மசோதாக்களின் தலையெழுத்து கமிட்டி அறைகளில் முடிவானது. அப்படிப்பட்ட இடத்தில் ஒரு ரயில்வே சேர்மன் எழுந்து சொற்பொழிவு ஆற்ற என்ன அவசியம்?

கிரிக்லேடு தொகுதிக்குள்தான் ஸ்விண்டனும் வருகிறது. ரகசிய வாக்கெடுப்பு வந்தது 1872-இல். அதற்கு முன், 1868 தேர்தலில், வாக்குரிமை பெற்ற ஒர்க்‌ஷாப் தொழிலாளி யாருக்கு ஓட்டு என்பதை எல்லோர் காதிலும் விழச் சொல்ல வேண்டும். வேட்பாளரோ அவருக்குச் சம்பளம் கொடுக்கும் கம்பெனியின் சேர்மன். கூச் பேசவில்லை என்று எழுதிய கட்டுரையாளர், அந்தத் தொழிலாளியால் பேச முடிந்ததா என்றும் ஒரு வரி எழுதியிருக்கலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ரயில்வே ஊழியர்,
பொன்மலை, திருச்சி