பாக்கின் எஸ்.ஆர். புத்தகம்

அன்புள்ள கயல்,

நீ வாட்ஸ்அப்பில் அனுப்பிய படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். தாமஸ் தேவாலயத்துக்கு வெளியே நிற்கிற இசையமைப்பாளர் பாக்கின் சிலையில் கோட்டுப் பை ஒன்று வெளியே இழுத்துவிட்டபடி இருக்கிறதே, கவனித்தாயா? கையில் காசு தங்காத மனுஷன் என்று காட்டத்தான் அப்படி வடித்திருக்கிறார்கள் என்கிறார்கள்.

படத்துக்குக் கீழே நீ எழுதியிருந்ததற்குத்தான் இந்தக் கடிதம். உன் வேலைக்கு முதலில் வேறு இரண்டு பேரைக் கேட்டார்கள், அவர்கள் வராததால்தான் உன்னைக் கூப்பிட்டார்கள் என்று இப்போது தெரிந்து, மனசு ஒரு மாதிரியாக இருக்கிறது என்றாய். நீ இருக்கிற ஜெர்மனி லைப்சிக்கில் இது புதிதில்லை கண்ணு. அந்தச் சிலைக்காரரும் அப்படித்தான் அங்கே வேலைக்கு வந்தார்.

1722-இல் தாமஸ் பள்ளியின் இசை ஆசிரியர் கூனாவ் இறந்ததும் நகர மன்றம் டெலிமானைத் தேர்ந்தெடுத்தது. அவர் அப்போது பாக்கைவிடப் பெரிய பெயர். லைப்சிக் அழைக்கிறது என்றதும் ஹாம்பர்க்காரர்கள் சம்பளத்தை ஏற்றிக் கொடுத்தார்கள்; அவர் அங்கேயே தங்கிவிட்டார். (சின்ன வயதில் டெலிமானின் அம்மா அவருடைய வாத்தியங்களை எல்லாம் பிடுங்கி வைத்துக்கொண்டாராம். புருஷன் இல்லாமல் பிள்ளை வளர்த்தவர். நான் அவரைக் குறை சொல்ல மாட்டேன்.) அடுத்து கிராப்னர். அவரை டார்ம்ஷ்டாட் பிரபு விடமாட்டேன் என்று சொல்லி, அவரும் சம்பளத்தைக் கூட்டினார். கிராப்னர் நல்ல மனுஷர், பாக்கைப் பற்றி உயர்வாக எழுதி அனுப்பினார். அதற்குப் பிறகுதான் பாக். மிகச் சிறந்தவர்கள் கிடைக்காததால் சுமாரானவர்களை எடுத்துக்கொள்ள வேண்டியதுதான் என்று மன்ற உறுப்பினர் ஒருவர் பேசியது கூட்டக் குறிப்பிலேயே இருக்கிறது. அந்தச் 'சுமாரான' ஆள் 1723-இல் சேர்ந்து, அடுத்த புனித வெள்ளிக்கு யோவான் பேஷனையும், 1727-இல் மத்தேயு பேஷனையும் கொடுத்தார் (பேஷன் என்றால் இயேசுவின் பாடுகளைச் சொல்லும் பெரிய இசைப்படைப்பு). நடுவே ஏறக்குறைய ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமைக்கும் ஒரு கான்டாட்டா, அதாவது தேவாலயத்தில் வாத்தியங்களோடு பாடுகிற பாட்டுத் தொகுப்பு.

எனக்கு இசை தெரியாது என்று உனக்குத் தெரியும். எனக்குத் தெரிந்ததெல்லாம் சம்பளப் பட்டியல், லீவு, பணிவிடுவிப்பு. நீ விட்டுப்போன அந்தக் காலத்து இசைக்காரர்களைப் பற்றிய புத்தகங்களைப் படித்தபோது, அலுவலகத்தில் எஸ்.ஆர். என்கிற பணிப்பதிவேட்டைப் புரட்டுகிற மாதிரிதான் இருந்தது. எல்லாரும் ஏதோ ஒரு தேவாலயத்துக்கோ பிரபுவுக்கோ சம்பளக்காரர்கள்தான்.

முதலில் லீவு. பாக் இருபது வயதில் ஆர்ன்ஷ்டாட் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்துக்கொண்டிருந்தார். 1705-இல் நாலு வாரம் லீவு வாங்கிக்கொண்டு, லூபெக் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்த பேர்பெற்ற புக்ஸ்டஹூடவைக் கேட்க, ஏறக்குறைய 400 கிலோமீட்டர் நடந்தே போனார் என்கிறார்கள். திரும்பி வந்தபோது நாலு மாதம் ஆகியிருந்தது. விசாரணை வைத்தார்கள். கலையில் சிலதைக் கற்றுக்கொள்ளப் போனேன், என் இடத்தில் விட்டுப்போன ஆள் வேலையைப் பார்த்திருப்பார் என்று நினைத்தேன் என்றார். என் மேஜைக்கு இந்த விளக்கம் வந்திருந்தால் கூடுதல் நாட்களைச் சம்பளமில்லா விடுப்பாகப் போட்டிருப்பேன். ஆனால் ஆளை அனுப்பியிருக்க மாட்டேன்.

லூபெக்கில் இன்னொரு கூத்து. புக்ஸ்டஹூட ஓய்வு பெறும்போது அந்த வேலை வேண்டுமானால் அவர் மகளைக் கட்டிக்கொள்ள வேண்டும். அவரே முன்னால் இருந்தவரின் மகளைக் கட்டி வந்தவர்தான். 1703-இல் இன்னொரு இசையமைப்பாளர் ஹேண்டலும் அவருடைய நண்பர் மத்தெசோனும் போய்ப் பார்த்துவிட்டு, வேலையே வேண்டாம் என்று திரும்பி வந்தார்கள். அந்தப் பெண்ணின் சம்மதத்தை யாராவது கேட்டார்களா என்று எந்தப் புத்தகத்திலும் காணோம்.

அப்புறம் வைமார். பாக் அங்கே கோமகனிடம் 1708 முதல் வேலையில் இருந்தார். தலைமை இசைக்காரர் 1716 கடைசியில் இறந்ததும் அந்தப் பதவி அவருடைய மகனுக்குப் போனது, பாக்குக்கு வரவில்லை. அடுத்த வருஷமே கோத்தன் இளவரசர் லெயோபோல்டு 400 தாலர் (அந்தக் காலத்து ஜெர்மன் வெள்ளிக் காசு) சம்பளத்துக்குக் கூப்பிட்டார். பாக் என்ன செய்தார் தெரியுமா? இங்கே விடுவிப்பு ஆணை வாங்காமலே ஆகஸ்டில் அங்கே சம்பளப் பட்டியலில் பேரை ஏற்றிக்கொண்டார். அது தப்புதான். ஆனால் அதற்காக ஜெயிலா? விடுவிக்கச் சொல்லி ரொம்பப் பிடிவாதம் பிடித்தார் என்று வைமார் கோமகன் 1717 நவம்பர் 6 அன்று பிடித்து உள்ளே போட்டார். டிசம்பர் 2 அன்று, மதிப்பில்லாத முறையில் வேலையிலிருந்து நீக்கி வெளியே விட்டார். உனக்கு அங்கே மூன்று மாத நோட்டீஸ் என்று அலுத்துக்கொள்கிறாயே, அதை நினைத்தேன்.

இத்தாலிய இசையமைப்பாளர் விவால்டி வேறு ரகம். வெனிஸில் பியெத்தா என்ற அநாதைப் பெண்கள் இல்லத்தில் 1703 முதல் வயலின் சொல்லிக்கொடுத்தார். வேலை நிரந்தரம் இல்லை. நிர்வாகக் குழு ஓட்டுப் போட்டுத்தான் நீட்டிக்கும். 1709-இல் ஏழுக்கு ஆறு என்று தோற்று வெளியே போனார், 1711-இல் ஏகமனதாகத் திரும்ப எடுத்தார்கள். நம்மூர் தொகுப்பூதியக்காரர்களைக் கேட்டால் அந்த ஒரு ஓட்டின் வலி தெரியும்.

கெட்டிக்காரர் ஹேண்டல்தான். ஹனோவர் அரசவையில் வேலை வாங்கி, லீவு போட்டு லண்டன் போனார். வந்தார். 1712-இல் மறுபடி லீவு, நியாயமான காலத்துக்குள் திரும்பி வர வேண்டும் என்ற நிபந்தனையோடு. வரவே இல்லை. 1714-இல் அந்த ஹனோவர் எஜமானரே முதலாம் ஜார்ஜ் என்று இங்கிலாந்துக்கு ராஜாவாக வந்து நின்றார்! நானாக இருந்தால் ஊரை விட்டே ஓடியிருப்பேன். ராஜா கோபித்துக்கொள்ளவில்லை, அரண்மனை வருஷா வருஷம் கொடுத்த தொகையைக் கூட்டித்தான் கொடுத்தார். 1759-இல் ஹேண்டல் இறந்தபோது ஏறக்குறைய 20,000 பவுன் சொத்து. அதிர்ஷ்டம் என்று சொல்லலாம். ஆனால் ஒரே எஜமானரை நம்பி உட்காராமல், டிக்கெட் வாங்கி வருகிற ஜனங்களை நம்பியவர், அதில் இரண்டு மூன்று முறை கையைச் சுட்டுக்கொண்டவர்.

சரி, லைப்சிக்குக்கு வருகிறேன். இளவரசரிடம் இருந்துவிட்டு பள்ளிக்கூட வேலைக்கு வருவது பாக்குக்கே இறக்கமாகத்தான் பட்டது. மூத்த பிள்ளைகளுக்குப் படிப்பில் நாட்டம், ஊரில் பல்கலைக்கழகம் இருக்கிறது, அதையும் பார்த்துத்தான் வந்தேன் என்று பின்னால் எழுதுகிறார். நிலையான சம்பளம் கொஞ்சம், மீதி கல்யாணத்துக்கும் சாவுக்கும் இசை நடத்துவதற்கான கட்டணம். 1730 அக்டோபரில் டான்சிக்கில் இருந்த பள்ளித் தோழர் எர்ட்மானுக்கு ஒரு கடிதம் போட்டார். அங்கே ஒரு வேலை பார்த்துக் கொடு என்பதுதான் விஷயம். வருமானம் 700 தாலர் போல வருகிறது, ஆனால் விலைவாசி அதிகம். காற்று நன்றாக இருக்கிற வருஷம் சாவு குறைந்துவிடுகிறது, போன வருஷம் அதில் மட்டும் 100 தாலருக்கு மேல் நஷ்டம் என்று கணக்குக் காட்டியிருக்கிறார். ஊர் ஆரோக்கியமாக இருப்பதை இப்படி நொந்துகொண்டவர்தான் மத்தேயு பேஷனை எழுதினார். படித்துவிட்டு ரொம்ப நேரம் சிரித்தேன், அப்பாவுக்கும் வாசித்துக் காட்டினேன். அதே வருஷம் நகர மன்றத்தில், இந்த ஆள் வேலையே செய்வதில்லை, திருத்த முடியாத ஆள் என்று பேசி, வருமானத்தில் கை வைக்கப் பார்த்தார்கள்.

எர்ட்மான் வழியாக ஒன்றும் நடக்கவில்லை. பாக் கடைசிவரை அங்கேயே இருந்தார். 1749-இல் அவர் உயிரோடு இருக்கும்போதே, அவர் இறந்தால் அந்த இடத்துக்கு என்று வேறொருவரை வைத்து வாசிக்கச் சொல்லிப் பார்த்தார்கள். இவர் அதற்குப் பிறகும் ஒரு வருஷத்துக்கு மேல் இருந்தார். கண் ஆபரேஷன் இரண்டு முறை செய்து, பார்வையும் போய், 1750 ஜூலை 28 அன்று இறந்தார்.

இனிமேல் சொல்வதுதான் எனக்குச் சகிக்கவில்லை. மனைவி அன்னா மக்தலேனா, அரசவையில் சம்பளத்துக்குப் பாடிய பெண், அவருடைய சுரங்களைப் பிரதி எடுத்தே கை தேய்ந்தவர், வழக்கமாகக் கொடுக்கிற அரை வருஷக் கருணைச் சம்பளத்துக்கு மனுப் போட்டார். கொடுத்தார்கள், ஒரு பிடித்தத்தோடு. 27 வருஷத்துக்கு முன்னால் பாக் வேலையில் சேர்ந்தபோது கூடுதலாகக் கொடுத்துவிட்டார்களாம், அது இப்போதுதான் ஞாபகம் வந்ததாம். நானும் ஓய்வூதியக் கோப்புகளில் 'ரெக்கவரி' எழுதியவள்தான், ஆனால் அவ்வளவு பழசைத் தோண்டியதில்லை. பாக் உயில் எழுதவில்லை. மூன்றில் ஒரு பங்கு மனைவிக்கு, மீதி உயிரோடு இருந்த ஒன்பது பிள்ளைகளுக்கு என்று பாத்திரம் பண்டம் வரை பிரிந்தது. 1760-இல் அந்த மனைவி இறந்தபோது பதிவேட்டில் தர்மப் பணத்தில் வாழ்ந்தவர் என்று எழுதினார்கள்.

அதனால் ஒன்று கேட்கிறேன். நீ இங்கே வேலை பார்த்த கம்பெனியின் பி.எஃப். கணக்கில் நாமினி இன்னும் ஏற்றவில்லை. ஆன்லைனிலேயே முடிகிற வேலை, உன் ஆதாரும் போட்டோவும் சரியாக இருக்கிறதா என்று பார்த்துக்கொள். இப்போதைக்கு என் பேரைப் போடு, பிறந்த தேதி ஆதாரில் இருக்கிறபடி. கல்யாணம் ஆனால் அது தானாகச் செல்லாமல் போய்விடும், அப்போது புதிதாகப் போட வேண்டும். உடனே அம்மா கல்யாணப் பேச்சை எடுத்துவிட்டாள் என்று முகத்தைச் சுளிக்காதே. விதியைச் சொன்னேன்.

அன்புடன்,
அம்மா