நகடாய் குரோசாவாவின் நடிகர் மட்டும் அல்லர்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஜப்பானிய நடிகர் தட்சுயா நகடாய் 2025 நவம்பரில், 92 வயதில் காலமானார். அவரைப் பற்றிய பேச்சு எங்கே எழுந்தாலும் ‘இயக்குநர் குரோசாவா படங்களின் நாயகன்’, ‘நடிகர் மிஃபுனேவுக்கு அடுத்தவர்’ என்ற இரண்டு வரிகளோடு முடிந்துவிடுகிறது. எழுபது ஆண்டுக்கும் மேல் நடித்த ஒருவருக்கு இது போதாது, கணக்கும் சரியில்லை. அகிரா குரோசாவாவோடு அவர் செய்தவை ஆறு படங்கள். அவற்றில் ஒன்றில் சில நொடிகளே வருகிறார். இன்னோர் இயக்குநரான மசாகி கோபயாஷியோடு செய்தவை பதினொன்று.

அந்தச் சில நொடிகளிலிருந்தே தொடங்கலாம். 1954இல் வெளிவந்த ‘ஏழு சாமுராய்’ படத்தில், கிராமத்து உழவர்கள் சாமுராய்களைத் தேடித் தெருவைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். எதிரே கடந்து போகும் ஒருவர் நகடாய். அப்போது அவர் ஹையூசா நாடகக் குழுவின் பயிற்சிப் பள்ளி மாணவர். அங்கே கற்றது ‘ஷிங்கெகி’ எனும் நவீன நாடகம். வாள் செருகிய நடை அதில் இல்லை. இடுப்பைத் தாழ்த்தி, தலை மேலும் கீழும் ஆடாமல், இடப்பக்க வாள்களின் கனத்தையும் தாங்கி நடக்க வேண்டும். அது அவருக்குக் கைவரவில்லை. காலையில் தொடங்கியது, திரும்பத் திரும்ப நடக்கவைத்து, பிற்பகலில்தான் முடிந்தது. எட்டே ஆண்டுகள் கழித்து கோபயாஷியின் ‘ஹராகிரி’யில் அதே மனிதர் நடந்து வருவதைப் பாருங்கள். இடைப்பட்ட காலத்தில் எவ்வளவு உழைத்திருக்கிறார் என்பது அந்த நடையிலேயே தெரியும்.

இத்தனை நீண்ட வாழ்க்கைக்கு அடிப்படைக் காரணம் அவர் எந்த ஸ்டூடியோவுக்கும் தம்மை எழுதிக் கொடுக்காததுதான். 1953இல் பெரிய ஜப்பானிய ஸ்டூடியோக்கள் தங்களுக்குள் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. ஒருவர் ஒப்பந்தத்தில் இருக்கும் நடிகரை மற்றவர் இழுக்கக் கூடாது என்பது அதன் சாரம். புகழும் மாதச் சம்பளமும் கிடைக்கும். ஆனால் அடுத்த வாசலுக்குப் போக முடியாது. நகடாய் ஆண்டில் பாதியை மேடைக்கு ஒதுக்கி வைத்து, மீதிப் பாதியில் யாருடைய படத்திலும் நடித்தார். அதனால்தான் ஷோச்சிக்கு ஸ்டூடியோவில் கோபயாஷியின் மூன்று பட வரிசையான ‘மனித நிலை’, தாய்யேயில் இயக்குநர் இச்சிகாவாவின் ‘சாவி’, தோஹோவில் இயக்குநர் நருசேயின் படங்களும் குரோசாவாவின் ‘யோஜிம்போ’வும் என்று நாலா பக்கமும் அவரைக் காண்கிறோம். ‘மனித நிலை’யின் கடைசிப் பகுதியும் ‘யோஜிம்போ’வும் 1961ஆம் ஆண்டின் முதல் நான்கு மாதங்களுக்குள் வெளிவந்தவை. ஒன்றில் பனியில் நடந்தே ஓய்ந்துபோகும் படைவீரன். மற்றதில் கழுத்தில் துண்டும் கையில் துப்பாக்கியுமாகச் சிரிக்கும் கொலைகாரன். 1971இல் தாய்யே நிறுவனம் திவாலானபோது, ஸ்டூடியோவையே நம்பியிருந்த நடிகர்கள் பலர் தடுமாறினார்கள். நகடாய்க்கு மேடை இருந்தது.

‘ஹராகிரி’ 1962இல் வெளிவந்தது. நகடாய்க்கு அப்போது 29 வயது. ஏற்ற வேடமோ மகளைக் கட்டிக் கொடுத்து, பேரனையும் பார்த்துவிட்ட சுகுமோ ஹன்ஷிரோ. அந்த வயதைத் தலைமுடியிலோ சுருக்கத்திலோ மட்டும் அவர் கொண்டுவரவில்லை. குரலைத் தாழ்த்தி, மூச்சை நீட்டி, கண்ணிமைகளைக்கூடக் கட்டுப்படுத்துகிறார். படத்தின் பெரும்பகுதியில் முற்றத்தின் நடுவே பாயில் உட்கார்ந்து கதை சொல்வதுதான் அவர் வேலை. கையை வீசவோ எழுந்து நடக்கவோ வழியில்லை. குரல் ஒன்றுதான் கருவி. பிறகு வரும் புல்வெளிச் சண்டையில் உண்மையான வாள்களையே பயன்படுத்தினார்கள் என்று நகடாய் சொல்லியிருக்கிறார். அவர் தயங்கித் தயங்கி அடியெடுப்பதில் இருக்கும் இறுக்கம் அப்படி வந்தது.

குரோசாவாவின் ‘காகேமுஷா’ பட வேடம் வேறொருவருக்காக எழுதப்பட்டது. நடிகர் ஷின்டாரோ கட்சு படப்பிடிப்புத் தொடக்கத்திலேயே விலகிப் போக, நகடாய் வந்தார். திருடன் ஒருவன், அவன் ஆள்மாறாட்டம் செய்யும் பிரபு டகேடா ஷிங்கென் என இரண்டு வேடம். படம் 1980இல் கான் விழாவின் தங்கப் பனை விருதைப் பகிர்ந்துகொண்டது. குரோசாவாவின் ‘ரான்’ படத்தில் எழுபது வயதுப் பிரபு ஹிடெடோராவாக நடித்தபோது அவர் ஐம்பதுகளின் தொடக்கத்தில்தான் இருந்தார். ஜப்பானின் மரபு நாடகமான ‘நோ’வின் முகமூடியை ஒட்டிய அந்த ஒப்பனைக்கு நாள்தோறும் ஏறக்குறைய நான்கு மணி நேரம் பிடித்தது. ஃபுஜி மலைச் சரிவில் கட்டிய கோட்டையை எரிக்க ஒரே ஒரு வாய்ப்புதான். பின்னால் தீ எரிய, படிகளில் தடுக்காமல், வெறித்த கண்ணோடு இறங்கி வர வேண்டும். அதை அவர் ஒரே தடவையில் செய்து முடித்தார்.

சின்னத்திரையை ஒதுக்கிவிட்டும் அவரைப் பேச முடியாது. ஜப்பானின் பொதுத்துறை ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கேயின் ஆண்டு முழுவதும் ஓடும் வரலாற்றுத் தொடர்களில் 1972இல் போர்த்தலைவர் டைரா நோ கியோமோரி, 1996இல் தேநீர்க் கலைஞர் சென் நோ ரிக்யூ. 2007இல் டகேடா நொபுடோராவாக வந்தார். நொபுடோரா யார் என்றால், ஷிங்கெனின் தந்தை! 1980இல் மகனாக நடித்தவர் 27 ஆண்டு கழித்து அப்பாவாகிறார். 1995இல் ‘பூமியின் குழந்தை’ தொடரில், சீனாவில் விட்டுப் பிரிந்த மகனைத் தேடும் தந்தை. இறந்த எஜமானருக்காகக் காத்திருந்த ஹச்சிகோ என்ற நாயின் கதை தெரியாதவர் குறைவு. 1987இல் வந்த ஜப்பானியப் படத்தில் அந்த நாயின் எஜமானரான பேராசிரியர் இவர்தான்.

1975இல் மனைவி யசுகோ மியாசாகியோடு தொடங்கிய ‘முமெய்ஜுகு’ நடிப்புப் பள்ளி (பெயரில்லாப் பள்ளி என்று பொருள்) தனிக் கடிதத்துக்கு உரியது. இன்றைய பெரிய நடிகர் கோஜி யாகுஷோ அங்கே பயின்றவர். முன்பு டோக்கியோவின் வட்டார அலுவலகம் ஒன்றில் வேலை பார்த்ததால், அலுவலகம் என்ற பொருள் வரும் ‘யாகுஷோ’ என்ற பெயரைச் சூட்டியவர் நகடாய். நோட்டோ தீபகற்பத்தில் 1995இல் திறக்கப்பட்ட நாடக அரங்கின் மேடைப் பின்சுவர் அப்படியே திறக்கும்; பின்னால் உண்மையான மலையும் மரமும்.

இவர் படங்களைத் திரையிட நினைக்கும் திரைப்படச் சங்கங்களுக்குச் சில எச்சரிக்கைகள். ‘ஹராகிரி’, ‘மனித நிலை’, ‘யோஜிம்போ’ மூன்றும் 2.35க்கு 1 என்ற அகலத் திரைப் படங்கள். வீட்டுத் தொலைக்காட்சியிலோ புரொஜெக்டரிலோ மேலும் கீழும் கறுப்புப் பட்டை வருகிறதே என்று ஜூம் பொத்தானை அழுத்தினால், அகலத்தில் ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு வெட்டுப்படும். ‘ஹராகிரி’யில் நடுவே நகடாய், இரு ஓரங்களிலும் அவரைச் சுற்றி வளைத்த வீரர்கள். ஓரம் போனால் அவர் மாட்டிக்கொண்டிருப்பதே தெரியாது. கறுப்புப் பட்டையில் துணைத்தலைப்பு இருந்தால் அதுவும் காணாமல் போகும்.

கோபயாஷியின் பேய்க்கதைப் படமான ‘க்வைதான்’ வாங்கும்போது நேரத்தைப் பாருங்கள். முழுப் படம் சுமார் 183 நிமிடம், நான்கு கதைகள். 125 நிமிடப் பிரதி என்றால் அதில் ‘பனிப்பெண்’ கதை இல்லை. நகடாய் நடித்தது அந்த ஒரு கதையில்தான். ‘காகேமுஷா’வின் முழு நீளம் சுமார் 180 நிமிடம், வெளிநாட்டுப் பிரதி ஏறக்குறைய 20 நிமிடம் குறைவு.

‘மனித நிலை’ மொத்தம் ஒன்பதரை மணி நேரத்துக்கும் மேல். ஒரே நாளில் போட்டால் மூன்றாம் படத்துக்குள் அரங்கம் காலியாகிவிடும். மூன்று படங்களும் இரண்டிரண்டு பாகங்களாகவே எடுக்கப்பட்டவை. ஆறு ஞாயிறு மாலை, மாலைக்கு ஒரு பாகம், ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல். அந்த ஆறு வாரங்களில், தங்கள் ஞாயிறு இணைப்பில் வாரம் ஒரு பத்தி ஒதுக்கி நகடாயின் ஒவ்வொரு பத்தாண்டையும் எழுதவைத்தால் பேருதவியாக இருக்கும்.

இப்படிக்கு,
திரைப்படச் சங்க வாசகர்கள்